உடம்பு சில்லிட்டால் முதலில் சீனியைப் பாருங்கள்

வன்னியில் ஒரு வீட்டில் யாருக்காவது வருத்தம் என்றால் முதலில் நெற்றிக்குத்தான் கை போகும். சுட்டால் காய்ச்சல், உடனே ஆஸ்பத்திரிக்கு வெளிக்கிடுவார்கள். சுடாவிட்டால், "காய்ச்சல் ஒண்டும் இல்லை, உடம்பு குளிராத்தான் கிடக்கு" என்று ஒரு போர்வையை இழுத்துப் போர்த்திவிட்டு விடியட்டும் என்று இருந்துவிடுவார்கள். வைத்தியசாலைகளில் திரும்பத் திரும்பக் காண்பதும் இதுதான். காய்ச்சலோடு வந்தவர் நேரத்தோடு வந்திருப்பார், குளிர்ந்துபோய் வந்தவர் பிந்தித்தான் வந்திருப்பார். முதியவர்களிலும் பச்சைக் குழந்தைகளிலும் காய்ச்சலை விடக் குளிர்தான் பல வேளைகளில் பயப்பட வேண்டிய அறிகுறி. அதனாலேயே இதை விரிவாக எழுதுகிறோம்.

மார்கழி, தை மாதங்களில் வவுனியா, கிளிநொச்சிப் பக்கம் விடியற்காலை வெப்பம் 20 பாகை செல்சியஸை ஒட்டி இறங்கும். 2022 டிசம்பரில் மண்டோஸ் புயலை ஒட்டி வந்த குளிர்காற்றில் வடக்கிலும் கிழக்கிலும் மாடுகளும் ஆடுகளும் கூட்டங்கூட்டமாகச் செத்ததைப் பண்ணையாளர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மழையில் நனைந்து, காற்றில் நின்று, ஒதுங்க இடமில்லாமல் போன உயிர்கள் அவை. மனிதருக்கும் அந்த நிலை வரும். வெள்ளத்துக்குள் மணிக்கணக்கில் நின்றவர், படகு கவிழ்ந்து கடலில் கிடந்தவர், நனைந்த சாரத்தோடு இரவு முழுக்க வயல் கொட்டிலில் படுத்தவர் ஆகியோருக்குக் குளிரே காரணமாகலாம். ஆனால் காய்ந்த உடுப்போடு, கூரைக்குக் கீழே, பாயில் படுத்திருந்த ஒருவரின் உடல் வெப்பம் 35 பாகைக்குக் கீழே போயிருந்தால் பனியில் பழியைப் போட்டுவிட்டுப் பேசாமல் இருக்கக் கூடாது. அதே அறையில் படுத்த மற்றவர்களுக்கு 36.5 இருக்கிறது. இவர் ஒருவருக்கு மட்டும் ஏன் இறங்கியது? வன்னியின் காலநிலையில் அதற்குப் பதில் அநேகமாக உடம்புக்குள்தான் இருக்கும்.

உடம்பு தன் சூட்டை மூன்று வழிகளில் காக்கிறது. உணவை எரித்துச் சூட்டை உண்டாக்குகிறது. தோலுக்குப் போகும் இரத்தக் குழாய்களைச் சுருக்கி அந்தச் சூட்டை வெளியே விடாமல் வைத்திருக்கிறது. அதுவும் போதாவிட்டால் தசைகளை நடுங்க வைக்கிறது. மூன்றையும் நடத்துவது மூளையின் அடியில் இருக்கும் ஹைப்போதலமஸ். எரிக்கச் சீனி இல்லாவிட்டாலும், எரிக்கும் வேகத்தைத் தீர்மானிக்கும் தைரொயிட் சுரப்பி சோர்ந்தாலும், கிருமி இரத்தத்தில் பரவிக் குழாய்கள் விரிந்துபோனாலும், மூளையின் கட்டளை முள்ளந்தண்டு வழியாகக் கீழே போகாவிட்டாலும் வெப்பம் இறங்கும். எந்த வருத்தம் என்று தேடும்போது இந்த ஒழுங்கை நினைவில் வைத்திருந்தால் போதும்.

அளப்பதில் நடக்கும் பிழைகள்

36.5 முதல் 37.5 வரை வழமையான அளவு. 35க்குக் கீழே, பரனைட்டில் சொன்னால் 95க்குக் கீழே, உடல் வெப்பக் குறைவு. பிறந்த குழந்தைக்கு மட்டும் எல்லை வேறு. அங்கே 36.5க்குக் கீழே போனாலே கவனிக்க வேண்டும்.

வீட்டில் இருக்கும் டிஜிற்றல் தேர்மோமீற்றர் போதும், ஆனால் வைக்கிற விதம் முக்கியம். கமக்கட்டில் வியர்வையை முதலில் துணியால் ஒற்றி எடுங்கள். நுனி கமக்கட்டின் ஆழமான குழிக்குள் போக வேண்டும். முன்பக்கத்தால் செருகினால் நுனி பின்னால் வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும், அது அறையின் காற்றைத்தான் அளக்கும். மெலிந்த முதியவர்களில் கமக்கட்டு குழிந்து தோலோடு ஒட்டாமல் இருப்பதால் கையை நெஞ்சோடு சேர்த்து நீங்களே பிடித்துக்கொள்ள வேண்டும். சத்தம் வந்தவுடன் எடுக்காமல் இன்னும் இரண்டு, மூன்று நிமிடம் விட்டுப் பாருங்கள், அளவு கொஞ்சம் ஏறும். 35க்குக் கீழே காட்டினால் மற்றக் கமக்கட்டிலும் பாருங்கள். எண் வராமல் "லோ" என்ற எழுத்து வந்தால் பற்றரி போய்விட்டது என்று மூலையில் போட்டுவிடாதீர்கள். பெரும்பாலான கருவிகள் 32க்குக் கீழே அப்படித்தான் காட்டும். உங்கள் கமக்கட்டில் வைத்துப் பாருங்கள். உங்களுக்குச் சரியாகக் காட்டினால் கருவி சரி, ஆள்தான் குளிர்ந்து போயிருக்கிறார்.

பழைய பாதரசத் தேர்மோமீற்றர் வைத்திருப்பவர்கள் ஒன்றை அறிந்திருக்க வேண்டும். அதன் அளவுகோல் 35இல்தான் தொடங்குகிறது, அதற்குக் கீழே அது காட்டாது. உதறி இறக்காமல் வைத்தால் போன கிழமை யாருக்கோ இருந்த காய்ச்சலையே திரும்பக் காட்டும். நெற்றிக்கு நேரே பிடிக்கும் துவக்குப் போன்ற கருவி, மழையில் நனைந்தவரிலும் வியர்த்தவரிலும் நம்பகமில்லை. அது தோலின் சூட்டை மட்டும் பார்க்கிறது.

கருவியே இல்லாவிட்டால் புறங்கையை வயிற்றில் வையுங்கள், அல்லது உடுப்புக்குள் கையை விட்டு முதுகில் வையுங்கள். கைகால் குளிர்ந்து வயிறு சூடாக இருந்தால் உடம்பு சூட்டைக் காக்கப் போராடுகிறது. வயிறும் சில்லென்று இருந்தால் போராட்டத்தில் தோற்றுக்கொண்டிருக்கிறது. 35க்கும் 32க்கும் இடையில் நடுக்கம், நாக்குத் தடுமாற்றம், கை பிடிமானமின்மை இருக்கும். 32க்குக் கீழே நடுக்கம் நின்றுவிடும், ஆள் உறங்குவது போல் கிடப்பார். நடுக்கம் நின்றதைச் சுகம் வந்ததாக எடுத்துக்கொள்வதுதான் மிகக் கெட்ட பிழை.

சீனி இறங்கினால்

குளிர்ந்த உடம்பைக் கண்டால் முதலில் செய்ய வேண்டிய பரிசோதனை விரல் நுனியில் குத்திச் சீனி பார்ப்பது. காரணம் எளிது. இது அடிக்கடி நடக்கிறது, ஒரு நிமிடத்தில் கண்டுபிடிக்கலாம், வீட்டிலேயே திருத்தத் தொடங்கலாம், விட்டால் மூளை சேதமாகும்.

சலரோகத்துக்கு இன்சுலின் ஊசி போடுபவர்களும், கிளிபென்கிளமைட், கிளிக்ளசைட், ரொல்பியூற்றமைட் போன்ற குளிசை எடுப்பவர்களும்தான் அதிகம் இதில் விழுவார்கள். மெற்போமின் மட்டும் எடுப்பவருக்கு இது அரிது. வழமையாக நடப்பது இப்படி: ஆச்சி பின்னேரம் குளிசையைப் போட்டுவிடுவார், இரவு பசியில்லை என்று ஒரு தேத்தண்ணியோடு படுத்துவிடுவார். விடியப்புறம் நாலு மணிக்குச் சட்டை முழுக்க வேர்வை, தோல் ஈரமாகச் சில்லென்று இருக்கும். கூப்பிட்டால் சம்பந்தமில்லாமல் ஏதோ சொல்வார். சில வேளை கோபப்பட்டுக் கையைத் தட்டிவிடுவார். வீட்டார் கெட்ட கனவு என்று நினைத்துப் படுக்க விடுவார்கள். சூடேயில்லாத உடம்பு வேர்ப்பது ஒரு முரண், அந்த முரணே துப்பு. சீனி குறைந்தால் உடம்பு வேர்த்துச் சூட்டை வெளியே விடுகிறது. அதே நேரம் மூளைக்கு எரிபொருள் போதாமல் நடுக்கத்தை நிறுத்திவிடுகிறது. இரண்டு பக்கமும் வெப்பம் போகிறது.

கந்தசஷ்டிக்கு ஆறு நாள் விரதம் இருப்பவர்களும், திருவெம்பாவைக்கு விடியப்புறம் கிணற்றில் தலைமுழுகி வெறுவயிற்றோடு கோயிலுக்குப் போகும் அம்மாமாரும் இதை மிகக் கவனமாகப் படிக்க வேண்டும். இரண்டும் மாரி, பனி காலத்தில் வருகின்றன. விரதம் இருக்கும் எண்ணம் இருந்தால் ஒரு கிழமைக்கு முன்பே கிளினிக்கில் சொல்லிக் குளிசையின் அளவையும் நேரத்தையும் மாற்றி எழுதுவித்துக்கொள்ளுங்கள். நோன்பு பிடிப்பவர்களுக்கும் இதுவே பொருந்தும். விரதத்தையும் மாத்திரையையும் அப்படியே சேர்த்துப் பிடிப்பது ஆபத்து.

அளவு டெசிலீற்றருக்கு 70 மில்லிகிராமுக்குக் கீழே இருந்தால், ஆள் முழிப்பாக இருந்து விழுங்கக் கூடியவராக இருந்தால், மூன்று தேக்கரண்டி சீனியை அரைக் கிளாஸ் தண்ணீரில் கரைத்துக் குடிக்கக் கொடுங்கள். சீனி போடாத பால், பிஸ்கற், சோறு எல்லாம் மெதுவாகத்தான் இரத்தத்தில் சேரும், முதல் 15 நிமிடத்துக்கு அவை உதவாது. 15 நிமிடம் கழித்துத் திரும்பக் குத்திப் பாருங்கள். 70க்கு மேலே வராவிட்டால் இன்னொரு தரம். வந்த பிறகுதான் சோறு, பாண், கஞ்சி. குளுக்கோமீற்றர் வீட்டில் இல்லை, ஆனால் அவர் சலரோகக் குளிசை போடுபவர் என்றால் யோசிக்காமல் சீனித் தண்ணீரைக் கொடுங்கள். சீனி ஏற்கெனவே கூடியிருந்தால் அந்த மூன்று கரண்டியால் பெரிய கெடுதல் வராது, குறைந்திருந்தால் உயிர் மிஞ்சும். மயங்கிக் கிடப்பவரின் வாயில் ஒன்றும் ஊற்றக் கூடாது, நுரையீரலுக்குள் போய்விடும். ஒருக்களித்துப் படுக்க வைத்து 1990 அம்புலன்சைக் கூப்பிடுங்கள்.

சீனித் தண்ணீர் குடித்து எழும்பி இருந்துவிட்டார், இனி ஆஸ்பத்திரி எதற்கு என்று பலர் விட்டுவிடுகிறார்கள். மேலே சொன்ன குளிசைகளில் சில ஒரு நாளுக்கு மேலும் வேலை செய்யும். காலையில் ஏற்றிய சீனி பின்னேரம் திரும்ப இறங்கும். சிறுநீரக வருத்தம் உள்ளவர்களில் மருந்து உடம்பை விட்டு வெளியேறாமல் இன்னும் நீண்ட நேரம் நிற்கும். வவுனியாவிலும் முல்லைத்தீவின் தெற்கு எல்லைப் பகுதிகளிலும் சிறுநீரக நோயாளர்கள் இருக்கும் நிலையில் இதை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. பிறசருக்குப் புரோப்ரனலோல், அற்றெனலோல் எடுப்பவரில் படபடப்பும் நடுக்கமும் மறைந்துவிடும், வேர்வை மட்டும் மிஞ்சும். ஆகவே வேர்வையை நம்புங்கள்.

காய்ச்சல் விட்டபின் வரும் குளிர்

கிருமி இரத்தத்தில் பரவும்போது எல்லோருக்கும் காய்ச்சல் வராது. 70 வயது தாண்டியவர்கள், சிறுநீரகம், ஈரல் கெட்டவர்கள், பிறந்து சில நாளான குழந்தைகள் ஆகியோரில் வெப்பம் ஏறுவதற்குப் பதில் 36க்குக் கீழே இறங்கலாம். அப்படி இறங்கியவர்களின் நிலை காய்ச்சல் அடித்தவர்களின் நிலையை விட மோசமாக முடிவதே வழமை. அதனால் குளிர்ந்த முதியவரில் மூன்றைப் பாருங்கள். மூச்சு நிமிடத்துக்கு 22 அல்லது அதற்கு மேலா? புதிதாகக் குழப்பமாகப் பேசுகிறாரா? மேல் பிறசர் 100 அல்லது அதற்குக் கீழா? மூன்றில் இரண்டு இருந்தால் விடியும்வரை காத்திருக்க முடியாது. மூச்சை எண்ணும்போது வயிறு ஏறி இறங்குவதை முழு 60 வினாடி பாருங்கள், 15 வினாடி எண்ணி நாலால் பெருக்குவது பிழைக்கும். கிருமி எங்கிருந்து வந்தது என்று தேடும்போது காலில் ஆறாத புண், சலம் போகும்போது எரிவு, படுக்கைப்புண், இருமல் எல்லாவற்றையும் சொல்லுங்கள். வயலில் சேற்றுக்குள் நின்றவர் என்றால் அதையும் சொல்லுங்கள், வைத்தியர் எலிக்காய்ச்சலை நினைக்க அது உதவும்.

டெங்கு இன்னொரு விதம். மூன்று, நாலு நாள் கொதித்த பிள்ளைக்குக் காய்ச்சல் திடீரென்று விட்டுவிடும். தாய் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு அடுப்படிக்குப் போவார். உண்மையில் ஆபத்தான 24 முதல் 48 மணித்தியாலம் அப்போதுதான் தொடங்குகிறது. இரத்தத்தின் நீர்ப்பகுதி குழாய்களுக்கு வெளியே கசிந்து, கைகால் சில்லிட்டு, பிள்ளை சோர்ந்து போகும். நகத்தை 5 வினாடி அழுத்தி விட்டால் இரண்டு வினாடிக்குள் சிவப்பு திரும்பி வர வேண்டும். அதற்கு மேல் எடுத்தாலோ, வயிற்றுநோ, விடாத சத்தி, ஆறு மணித்தியாலமாகச் சலம் போகாதது எதுவும் இருந்தாலோ உடனே கொண்டு போங்கள். டெங்குக் காலத்தில் பரசிற்றமோலைத் தவிர டைக்குளோபெனாக், இபுபுரோபன், அஸ்பிரின் எதுவும் வேண்டாம்.

பரசிற்றமோல் போட்டு நன்றாக வேர்த்தபின் 35.8, 36 என்று காட்டுவதும் உண்டு. பிள்ளை முகம் தெளிந்து, கை சூடாக, பேசிக்கொண்டு இருந்தால் ஈர உடுப்பை மாற்றிவிட்டு ஒரு மணித்தியாலம் கழித்து அளந்து பாருங்கள். அடுத்த குளிசையை நேரத்துக்குக் கொடுக்கிறோம் என்று காய்ச்சல் இல்லாமலே கொடுக்காதீர்கள்.

சுரப்பிகள் சோரும்போது

தைரொயிட் குறைவு மெல்ல வரும். எல்லோரும் விசிறி போட்டிருக்கும்போது இவர் மட்டும் போர்வை தேடுவார். முகம் ஊதும், குரல் கரகரக்கும், தோல் வறண்டு உரியும், மலம் இறுகும், நாடி மெதுவாக அடிக்கும். வயது போனதால் வருவதென்று வீட்டார் விட்டுவிடுவார்கள். ஒரு சளிக்காய்ச்சலோ, நித்திரைக் குளிசையோ, தைரொயிட் குளிசையான தைரொக்சினைச் சில மாதம் நிறுத்தியதோ போதும், வெப்பம் விழுந்து மயக்கத்துக்குப் போய்விடலாம். அந்தக் கட்டத்தில் அது தீவிர சிகிச்சைப் பிரிவுக்குரிய வருத்தம். தைரொக்சினை விடிய வெறுவயிற்றில் தண்ணீரோடு போட்டு, அரை மணித்தியாலமாவது கழித்தே தேத்தண்ணி குடிக்க வேண்டும். இரும்புக் குளிசையும் கல்சியமும் நாலு மணித்தியாலம் தள்ளித்தான். சேர்த்துப் போட்டால் மருந்து குடலிலேயே கட்டுப்பட்டுப் போகும், பிறகு அளவை எவ்வளவு கூட்டினாலும் பலன் தெரியாது.

சிறுநீரகத்துக்கு மேலே இருக்கும் அதிரீனல் சுரப்பியின் குறைவு இன்னும் தந்திரமானது. ஆஸ்துமாவுக்கோ மூட்டுவாதத்துக்கோ பிரெட்னிசலோன் என்ற ஸ்ரிரோயிட் குளிசையை மூன்று கிழமைக்கு மேல் எடுத்தவர் திடீரென்று நிறுத்தினால், அந்தச் சுரப்பி கோட்டிசோல் என்ற ஹோர்மோனைச் சொந்தமாகச் சுரக்க மறந்திருக்கும். பிறசர், சீனி, வெப்பம் மூன்றும் சேர்ந்து இறங்கும். வெள்ளத்தில் குளிசை நனைந்து போனது, கிளினிக் திகதியில் பஸ் ஓடவில்லை என்பவை எங்கள் பக்கம் அடிக்கடி நடப்பவை. ஆகவே இந்தக் குளிசை எடுப்பவர் வீட்டில் இரண்டு கிழமைக்கு மேலதிகமாக வைத்திருக்க வேண்டும், அதுவும் பொலித்தீன் பையில் சுற்றி உயரத்தில். கடுங்காய்ச்சல் வந்தால் அளவை எவ்வளவு கூட்டுவது, சத்தி எடுத்துக் குளிசை தங்காவிட்டால் எங்கே போய் ஹைட்ரோகோட்டிசோன் ஊசி போடுவது என்பதைக் கிளினிக்கில் கேட்டுக் கொப்பியில் எழுதுவித்துக்கொள்ளுங்கள். பெயர் ஒட்டாத பொட்டலத்தில் மூட்டுவலிக்கென்று வாங்கிய குளிசை நன்றாகக் கேட்டது, விட்டதும் உடம்பு தளர்ந்து குளிர்ந்துபோனது என்றால் அதிலும் ஸ்ரிரோயிட் இருந்திருக்கலாம். மிஞ்சிய குளிசையை வைத்தியருக்குக் காட்டுங்கள்.

இந்த இரண்டு சுரப்பிகளையும் ஆளும் பிட்யூற்றரி சுரப்பி மூளையின் அடியில் பட்டாணி அளவில் இருக்கிறது. அதைக் கெடுக்கும் இரண்டு காரணங்கள் வன்னிக்கு அந்நியமானவை இல்லை. ஒன்று, அறுவடைக் காலத்தில் வரம்பில் கடிக்கும் புடையன், அதாவது கண்ணாடி விரியன். அதன் விஷத்தால் அந்தச் சுரப்பிக்குள் இரத்தம் கசிந்தோ உறைந்தோ பழுதடையலாம். கடி மாறி மாதங்கள், சில வேளை வருடங்கள் கழித்துத்தான் சோர்வு, குளிர் தாங்காமை, கமக்கட்டு மயிர் உதிர்தல், மாதவிடாய் நின்றுபோதல் எல்லாம் தெரியவரும். மற்றது, பிள்ளைப்பேற்றில் இரத்தம் பெருகிப் போன தாய். பால் சுரக்காமல், மாதவிடாய் திரும்பாமல், வருடக்கணக்கில் களைத்துக் குளிர்ந்து கிடப்பார். இவர்களுக்குத் தைரொக்சினை மட்டும் முதலில் கொடுத்தால் நிலைமை திடீரென்று மோசமாகலாம். கோட்டிசோல் குறைவை முதலில் திருத்திவிட்டே தைரொக்சின் தொடங்க வேண்டும்.

முள்ளந்தண்டு பாதிக்கப்பட்டவர்கள்

போரில் ஷெல் துண்டும் சன்னமும் பட்டு முள்ளந்தண்டு வடம் அறுபட்டவர்கள் வன்னியில் ஊருக்கு ஊர் இருக்கிறார்கள். படுக்கைப்புண் பற்றியும் சலக்குழாய் பற்றியும் இவர்களுக்கு நிறையச் சொல்லப்பட்டிருக்கிறது. வெப்பம் பற்றிப் போதாது. நெஞ்செலும்பின் அடிமட்டத்துக்கு மேலே உணர்ச்சி அற்றுப்போன காயம் என்றால், அதற்குக் கீழே உள்ள உடம்புக்கு நடுங்கவும் தெரியாது, இரத்தக் குழாயைச் சுருக்கவும் தெரியாது. சுற்றியிருக்கும் காற்று குளிர்ந்தால் உடம்பும் சேர்ந்து குளிரும். அவருக்கே அது உறைக்காது.

சுகமாக இருக்கும் ஒரு கிழமையில் காலையும் மாலையும் அளந்து கொப்பியில் எழுதிவையுங்கள். சிலருக்கு 35.8, 36 என்பதே வழமையாக இருக்கும். அப்படிப்பட்டவருக்கு 37.3 என்றால் அது காய்ச்சல். அந்தக் குறிப்பு இல்லாவிட்டால் வெளிநோயாளர் பிரிவில் காய்ச்சல் இல்லை என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள். சலத்தில் கிருமி ஏறும்போது இவர்களில் காய்ச்சலுக்குப் பதில் வெப்பம் இறங்குவதும் உண்டு. சலம் கலங்கி மணக்கிறதா, கால்தசை இழுப்பு வழமைக்கு மேலா என்று சேர்த்துப் பாருங்கள்.

இரவில் சலக்குழாய் கசிந்து படுக்கை நனைவது இவர்கள் குளிர்வதற்குப் பெரிய காரணம். படுக்கும் முன் குழாய் மடிந்திருக்கிறதா, பை நிரம்பியிருக்கிறதா என்று பார்த்து, இரவு இரண்டு மணிக்கு ஒருதரம் கையை விட்டுத் துணி ஈரமா என்று தடவிப் பாருங்கள். தடித்த ஒரு போர்வையை விட மெல்லிய மூன்று அடுக்கு நல்லது. தலைக்குத் தொப்பி, காலுக்குத் தளர்ந்த மேசு. சுடுதண்ணிப் போத்தலை மட்டும் உணர்ச்சியற்ற தோலில் வைக்காதீர்கள். துணி சுற்றியிருந்தாலும் சுடுவது அவருக்குத் தெரியாது, விடிய எலும்பு தெரியும் புண் இருக்கும். கட்டிலுக்குக் கீழே தணற்சட்டி வைத்துக் கதவைச் சாத்துவதும் வேண்டாம், அந்தப் புகையில் மணமில்லாத நஞ்சு இருக்கிறது. வீட்டில் உள்ள எல்லோருக்கும் ஆபத்து.

பச்சைக் குழந்தைகளும் மெலிந்த பிள்ளைகளும்

குழந்தைக்குப் பாதம் குளிர்ந்து வயிறு சூடாக இருந்தால் இப்போதே தாயின் நெஞ்சோடு போடுங்கள். குழந்தைக்குத் தொப்பியும் நப்கினும் மட்டும், தாயின் சட்டைக்குள் தோலோடு தோல், இருவரையும் சுற்றி ஒரு போர்வை. ஒரு மணித்தியாலத்தில் வெப்பம் ஏறாவிட்டாலோ, முலையைப் பிடிக்காவிட்டாலோ, அழுகை மெலிந்தாலோ ஆஸ்பத்திரிக்கு. போகும்போதும் அப்படியே நெஞ்சோடுதான், தனியே துணியில் சுற்றி மோட்டார்சைக்கிளில் கொண்டுபோகக் கூடாது. பிறந்து 24 மணித்தியாலத்துக்குள் குளிப்பாட்ட வேண்டாம். இரண்டரைக் கிலோவுக்குக் குறைந்த குழந்தையை எப்போது குளிக்க வார்ப்பது என்று குடும்பநல மாதுவிடம் கேட்டுச் செய்யுங்கள். அதுவரை ஈரத்துணியால் துடைத்தால் போதும்.

ஆறு மாதத்துக்கு மேற்பட்ட, ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளையின் மேற்கைச் சுற்றளவு 11.5 சென்ரிமீற்றருக்குக் குறைவாக இருந்தால் அது கடும் போசாக்கின்மை. இந்தப் பிள்ளைகளில் குளிர், சீனிக்குறைவு, கிருமித்தொற்று மூன்றும் ஒன்றாகவே வரும். ஆஸ்பத்திரி போகுமுன் மூன்றரை மேசைக்கரண்டி தண்ணீரில் ஒரு குவித்த தேக்கரண்டி சீனி கரைத்துச் சிறுகச் சிறுகக் கொடுங்கள். இரவு முழுக்க உணவில்லாமல் உறங்க விடுவதே இவர்களுக்கு ஆபத்து. இரண்டு மணித்தியாலத்துக்கு ஒருதரம் எழுப்பிக் கொடுக்க வேண்டும்.

கசிப்பு குடித்து வெளியில் விழுந்து கிடப்பவருக்குத் தோலின் இரத்தக் குழாய் விரிந்து சூடு போகும், சாப்பிடாததால் சீனியும் இறங்கும். வெறி தெளியட்டும் என்று விடாமல் சீனி பாருங்கள். மனநலக் கிளினிக்கில் தரும் குளோர்ப்ரோமசின், ஒலன்சபின் போன்றவையும் வெப்பத்தை இறக்கலாம். அதற்காக மருந்தை நிறுத்திவிடாதீர்கள். அளந்த எண்ணோடு கிளினிக்குக்குப் போங்கள்.

சூடேற்றும் விதம்

ஈர உடுப்பைக் கழற்றுங்கள், வராவிட்டால் வெட்டி எடுங்கள். துடைக்கும்போது ஒற்றுங்கள், தேய்க்காதீர்கள். மேலே போர்வை போர்த்தியிருந்தாலும் சீமெந்து நிலம் கீழிருந்து வேகமாகச் சூட்டை உறிஞ்சும், அதனால் முதலில் கீழே சாக்கு, அதன்மேல் பாய், அதன்மேல் மெத்தை. ஈரத்தலையைத் துடைத்துத் துவாயால் கட்டுங்கள். உணர்ச்சியுள்ளவர் என்றால் கை பொறுக்கும் சூட்டில் தண்ணீர் நிரப்பிய போத்தலைத் துவாயில் சுற்றிக் கமக்கட்டிலும் நெஞ்சின் பக்கத்திலும் வையுங்கள். கைகால்களில் வைக்க வேண்டாம், அவற்றை நல்லெண்ணெய் போட்டு உருவவும் வேண்டாம். அங்கே தேங்கி நிற்கும் குளிர்ந்த இரத்தம் ஒரேயடியாக நெஞ்சுக்குத் திரும்பினால் உள்வெப்பம் இன்னும் இறங்கும், பிறசரும் விழும். தைரொயிட் குறைவிலும் கிருமி பரவியதிலும் அவசரப்பட்டுச் சூடேற்றுவது கூடாது. காய்ந்த போர்வையும் சூடான அறையும் போதும், மிச்சத்தை ஆஸ்பத்திரியில் செய்யட்டும்.

மயங்கியவரைக் கிடையாகவே தூக்குங்கள், உதறி எழுப்பாதீர்கள். மிகக் குளிர்ந்த இதயம் ஒரு குலுக்கலில் தாளம் தப்பும். நாடியை ஒரு முழு நிமிடம் பாருங்கள், மெதுவாக அடிக்கும் நாடி சில வினாடியில் கைக்கு அகப்படாது. குளிர்ந்து கிடக்கிறார் என்பதை மட்டும் வைத்து உயிர் போய்விட்டது என்று வீட்டில் முடிவெடுக்க வேண்டாம்.

1990க்குப் பேசும்போது, "உடம்பு 34.2, சீனி 48, கூப்பிட்டால் முழிக்கிறார், கிளிக்ளசைட் போடுறவர்" என்று எண்களைச் சொல்லுங்கள். கிளினிக் கொப்பியையும், வீட்டில் இருக்கும் எல்லாக் குளிசைகளையும், வெற்று அட்டைகள் உட்பட, ஒரு பையில் போட்டுக் கொண்டுபோங்கள். பாதை வெள்ளத்தில் மூடியிருந்தால் பெரிய வைத்தியசாலைக்குத்தான் போவோம் என்று காத்திராமல் கிட்டிய பிரதேச வைத்தியசாலைக்குப் போங்கள். சீனி பார்த்து நாளத்தில் குளுக்கோஸ் ஏற்ற அங்கே முடியும். அதன் பிறகு மாற்றி அனுப்புவது அவர்கள் பொறுப்பு.

தப்பி வீட்டுக்கு வந்தபின் அடுத்த கிளினிக் திகதிவரை இருக்காமல் போய், ஏன் இறங்கியது என்று கேளுங்கள். சீனி என்றால் குளிசையின் அளவு மாற வேண்டும். காரணம் தெரியாமல் திரும்பவும் இறங்கினால் தைரொயிட் பரிசோதனையோடு காலை எட்டு, ஒன்பது மணிக்கு எடுக்கும் கோட்டிசோல் பரிசோதனையும் தேவையா என்று கேளுங்கள். எப்போதோ புடையன் கடித்திருந்தால், எந்தப் பிள்ளைப்பேற்றிலாவது இரத்தம் ஏற்றுமளவுக்குப் போயிருந்தால், தலையில் ஷெல் துண்டு பட்டிருந்தால், பத்து வருடத்துக்கு முந்தியதாக இருந்தாலும் அதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.